ஜிஜூன்: வெறும் வயிற்றில் பிறந்த ஒரு சொல்

அக்கா மகன் வெளிநாட்டு மேற்படிப்புக்கான ஜி.ஆர்.இ. தேர்வுக்குப் படித்துக்கொண்டிருக்கிறான். கைபேசியில் ஒரு செயலி வைத்திருக்கிறான். ஒரு தட்டு தட்டினால் ஆங்கிலச் சொல் வரும், இன்னொரு தட்டு தட்டினால் பொருள் வரும். போன ஞாயிற்றுக்கிழமை தோசை ஆறிக்கொண்டிருக்க, கைபேசியை என் பக்கம் தள்ளினான்.

"மாமா, இந்த ‘ஜெஜுனே’வுக்கு கார்டுல ‘போரடிக்கிற’ன்னு போட்டிருக்கு. நேத்து மாதிரித் தேர்வுல அதையே எழுதினேன், தப்புன்னு வந்துச்சு. விடை ‘சிறுபிள்ளைத்தனமான’ங்கறான். எது சரி?"

ரெண்டும் சரிதான் என்றேன். அவன் என்னை நம்பவில்லை. சலிப்புத் தட்டுகிற ஒன்றும் சிறுபிள்ளைத்தனமான ஒன்றும் எப்படி ஒரே சொல்லாக இருக்க முடியும்? சிறுபிள்ளைகள் எதை வேண்டுமானாலும் செய்வார்கள், சலிப்புத் தட்டாமல் பார்த்துக்கொள்வார்கள். அவன் கேட்டது நியாயமான கேள்வி. தோசை முடிவதற்குள் பதில் சொல்லி முடிக்க முடியவில்லை, அதனால் எழுதுகிறேன்.

முதலில் உச்சரிப்பு. எழுத்துக்கூட்டினால் ஜே, இ, ஜே, யூ, என், இ. அவனைப் போலவே நானும் கல்லூரி நாட்களில் ‘ஜெஜுனே’ என்றுதான் மனசுக்குள் படித்து வந்தேன். கடைசி ‘இ’ ஊமை. ‘ஜிஜூன்’ என்று, இரண்டாவது அசையை அழுத்திச் சொல்ல வேண்டும். முதல் அசை கிட்டத்தட்ட விழுங்கப்பட்டுவிடும். ஜூன் மாதத்தின் முன்னால் ஒரு ‘ஜி’ ஒட்டிக்கொண்டது மாதிரி இருக்கும், அவ்வளவுதான்.

இந்தச் சொல்லின் வேர் லத்தீனில் இருக்கிறது. அங்கே ‘யெயூனுஸ்’ என்றால் சாப்பிடாமல் இருக்கிறவன், வெறும் வயிற்றுக்காரன், நோன்பு இருப்பவன். பசி, பட்டினி, விரதம் எல்லாமே அந்த ஒரு சொல்லுக்குள் அடக்கம். பிரெஞ்சில் இன்றைக்கும் விரதத்துக்கு ‘ழேன்’ என்று பெயர். ரத்தப் பரிசோதனைக்குப் போகும்போது நம் ஊர் லேபில் "ஃபாஸ்டிங்கா வந்தீங்களா?" என்று கேட்பார்களே, அதற்கு பிரான்சில் ‘ஆ ழேன்’ என்பார்கள், வெறும் வயிற்றோடு என்று. ஸ்பானிஷில் விரதம் ‘அயூனோ’. அதை முறிப்பது, அதாவது காலை உணவு, ‘தெசயூனோ’. ஆங்கிலத்தின் பிரேக்ஃபாஸ்டும் அதே கணக்குத்தானே, விரதத்தை உடைப்பது.

இன்னும் ஒன்று சொன்னால் ஆச்சரியப்படுவீர்கள். ‘விரதத்தை முறி’ என்று பொருள்படும் பிற்கால லத்தீன் வினை ஒன்று பழைய பிரெஞ்சு வழியாகத் தேய்ந்து தேய்ந்து ஆங்கிலத்தில் ‘டைன்’, ‘டின்னர்’ என்று ஆனது. அதாவது டின்னரின் பிறப்பு அர்த்தம் காலைச் சாப்பாடு. அது காலையிலிருந்து மதியத்துக்கு நகர்ந்து, மதியத்திலிருந்து ராத்திரிக்கு வந்துவிட்டது. சொற்களுக்குக் கடிகாரம் தெரியாது போலிருக்கிறது.

சரி, சாப்பாட்டிலிருந்து இந்தச் சொல் எப்படி எழுத்துக்கு வந்தது? லத்தீன்காரர்களே அந்த வேலையைச் செய்துவிட்டார்கள். வெறும் வயிற்றைச் சொன்ன சொல்லை முதலில் மண்ணுக்குச் சொன்னார்கள். ரோமானியக் கவிஞர் வெர்ஜில் வேளாண்மை பற்றிப் பாடும்போது, மேட்டு நிலத்தின் சரளை மண்ணை ‘யெயூனா’ என்கிறார், பசித்த சரளை. தேனீக்களுக்கு ரோஸ்மேரிச் செடியைக் கொடுக்கவே அந்த மண் திணறும் என்கிறார். நம் மானாவாரிக் காட்டைப் பார்த்த யாருக்கும் அந்தப் படம் புரியும். பிறகு ரோமானியச் சொற்பொழிவாளர் சிசரோ போன்றவர்கள் பேச்சு நடைக்கும் அதையே சொன்னார்கள். கேட்பவனுக்கு எதுவும் ஊட்டாத, எலும்பு தெரிகிற பேச்சு ‘யெயூனுஸ்’ பேச்சு.

இதைத் தமிழருக்கு விளக்குவது சுலபம். கேள்வியைச் செவிக்குணவு என்று சொல்லும் மொழி நம்முடையது. எழுத்தில் சாரம் இருக்கிறது என்போம், சத்தில்லை என்போம், உப்புச்சப்பில்லை என்போம், சக்கை என்போம். நிலத்திலிருந்தும் எடுத்துக்கொள்வோம்: வறண்ட நடை, வறட்டு வேதாந்தம். லத்தீன்காரன் வயிற்றிலிருந்து வயலுக்கும் வயலிலிருந்து மேடைக்கும் போன அதே பாதையில் நாமும் தனியாக நடந்திருக்கிறோம்.

நடுவில் ஒரு கிளைக்கதை இருக்கிறது, அதை விட மனசு வரவில்லை. நம் சிறுகுடலுக்கு மூன்று பகுதிகள். முதலாவது டியோடினம், முன்சிறுகுடல். கி.மு. 3-ஆம் நூற்றாண்டில் அலெக்சாந்திரியாவில் இருந்த ஹெரோஃபிலஸ் என்ற மருத்துவர் அதற்குக் கிரேக்கத்தில் ‘பன்னிரண்டு விரல்’ என்று பெயர் வைத்தார், பன்னிரண்டு விரல்களை அடுக்கி வைத்தால் வரும் அகலம் அதன் நீளம். இன்றைய கணக்கில் சுமார் 25 சென்டிமீட்டர், மனுஷன் சரியாகத்தான் அளந்திருக்கிறார். அதற்கு அடுத்த பகுதி ஜெஜூனம், நடுச்சிறுகுடல், சுமார் இரண்டரை மீட்டர். நம் சொல்லும் அதுவும் ஒரு வயிற்றுப் பிள்ளைகள். இறந்தவர்களின் உடலை அறுத்துப் பார்த்த பழைய மருத்துவர்களுக்கு அந்தப் பகுதி பெரும்பாலும் காலியாகவே கிடைத்தது. அதனால் கிரேக்கத்தில் அதற்கு ‘பட்டினி’ என்று பெயர், அதை லத்தீனில் அப்படியே மாற்றியதுதான் ஜெஜூனம்.

வேடிக்கை என்னவென்றால், நாம் சாப்பிடுவதில் பெரும்பங்கு சத்து உடம்பில் சேர்வதே அந்தப் பட்டினிக் குடலில்தான். அதன் உட்சுவர் நிறைய மடிப்புகள் கொண்டது, ரத்த ஓட்டமும் தாராளம். வந்ததை உறிஞ்சிக்கொண்டு மிச்சத்தைச் சீக்கிரம் கீழே தள்ளிவிடும், அதனால்தான் காலியாக இருக்கிறது. வாய் வழியாகச் சாப்பிட முடியாத நோயாளிக்கு வயிற்றில் துளை போட்டு நேராக அங்கே குழாய் வைப்பதும் உண்டு. டிஸ்சார்ஜ் சம்மரியில் ‘எஃப்ஜே’ என்று எழுதியிருந்தால் அதுதான், ஃபீடிங் ஜெஜூனாஸ்டமி. பட்டினி என்று பெயர் வாங்கிய இடத்தில் கஞ்சி ஊற்றுகிறோம்.

இனி ஆங்கிலத்துக்கு வருவோம். 17-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இந்தச் சொல் லத்தீனிலிருந்து நேராக ஆங்கில எழுத்துக்குள் வந்தது. சாப்பிடாத, பசித்த என்ற நேர்ப்பொருளிலும் கொஞ்ச காலம் புழங்கியது. அது செத்துப்போய்விட்டது. ‘சத்தில்லாத’ என்ற பொருள் மூச்சுவிட்டுக்கொண்டிருக்கிறது, ஊட்டம் குறைந்த உணவுமுறையை ‘ஜிஜூன் டயட்’ என்று அபூர்வமாக எழுதுவார்கள். நன்றாக வாழ்ந்தது உருவகப் பொருள்தான்: சுவையில்லாத, வறண்ட, சப்பென்ற. சுமார் முந்நூறு வருஷம் ஜிஜூன் கட்டுரை என்றால் சலிப்பூட்டும் கட்டுரை, ஜிஜூன் பிரசங்கம் என்றால் கொட்டாவி வரவழைக்கும் பிரசங்கம். இதில் குழப்பமே இல்லை. என் மருமகனின் அட்டையை எழுதியவர் அந்தப் பழைய காலத்து ஆசாமி.

குழப்பம் 19-ஆம் நூற்றாண்டின் கடைசியில் ஆரம்பிக்கிறது. பிரெஞ்சில் விரதம் ‘ழேன்’ என்று சொன்னேன் அல்லவா? இளமையான என்பதும் கிட்டத்தட்ட ‘ழேன்’தான். எழுத்தில் ஒரே வித்தியாசம், விரதத்தின் ‘யூ’ எழுத்துமேல் ஒரு சின்னக் கூரை இருக்கும், இளமையின் தலையில் அது இருக்காது. பிறப்பில் இரண்டுக்கும் ஒட்டும் கிடையாது உறவும் கிடையாது. இளமை வேறொரு லத்தீன் வேரிலிருந்து வருகிறது, ஆங்கிலத்தின் ‘ஜுவனைல்’ பிறந்த அதே வேர். ஆனால் ஆங்கிலம் படிக்கிறவன் ‘ஜிஜூன்’ என்ற அபூர்வமான சொல்லை எங்காவது பார்க்கும்போது அவன் காதில் ‘ஜுவனைல்’ மணி அடிக்கிறது, கொஞ்சம் பிரெஞ்சு தெரிந்தவனாக இருந்தால் ‘ழேன்’ மணியும் சேர்ந்து அடிக்கிறது. ஓ, இளமை சம்பந்தப்பட்ட ஏதோ ஒன்று, திட்டுகிற தொனியில் இருக்கிறது, அப்படியானால் ‘சிறுபிள்ளைத்தனமான’ என்று முடிவு கட்டிவிடுகிறான். புதுப் பொருள் இப்படித்தான் வந்திருக்க வேண்டும் என்று அகராதிக்காரர்கள் கருதுகிறார்கள்.

இந்தப் புதுப் பொருளுக்கு முன்னோடியாக வழக்கமாகக் காட்டப்படுவது பெர்னார்ட் ஷாவின் வரி. 1894-இல் மேடையேறிய அவருடைய ஒரு நாடகத்தில், பல்கேரிய ராணுவ அதிகாரி ஒருவனை அறிமுகப்படுத்தும் குறிப்பு அது. தன் லட்சியங்களின்மேல் அவனுக்கிருக்கும் கண்மூடித்தனமான நம்பிக்கைக்கு ஷா ‘ஜிஜூன்’ என்று அடை கொடுக்கிறார். படித்துப் பாருங்கள், ‘சாரமில்லாத நம்பிக்கை’ என்றும் கொள்ளலாம், ‘பக்குவமில்லாத நம்பிக்கை’ என்றும் கொள்ளலாம். பொருள் மாறுகிற இடம் எப்போதும் இப்படித்தான், ரெண்டு பக்கமும் காலை வைத்துக்கொண்டு நிற்கும்.

அப்புறம் நூறு வருஷத்தில் புதுப் பொருள் பழையதைத் தள்ளிக்கொண்டு முன்னால் வந்துவிட்டது. அமெரிக்காவின் மெரியம் வெப்ஸ்டர் அகராதியைத் திறந்தால் சத்தில்லாத, சுவாரசியமற்ற, சிறுபிள்ளைத்தனமான என்ற வரிசையில் இருக்கும். ஆக்ஸ்ஃபோர்டின் இன்றைய ஆங்கில அகராதியில் அப்பாவித்தனமான, மேலோட்டமான என்பது முதலில், வறண்ட என்பது இரண்டாவது. ஒன்று வரலாற்று வரிசை, இன்னொன்று புழக்க வரிசை. அட்டை ஒன்றைப் பார்த்தும் தேர்வு மற்றொன்றைப் பார்த்தும் தயாரிக்கப்பட்டால் பையன் மதிப்பெண் இழக்காமல் என்ன செய்வான்?

"அப்ப அந்த ரெண்டாவது அர்த்தம் தப்புதானே மாமா?" என்று அவன் விடவில்லை. பிறப்பில் தப்பு. இப்போது தப்பில்லை. நாமும் இதைச் செய்துகொண்டுதான் இருக்கிறோம். "பஸ்ஸ்டாண்டில் அவரை எதேச்சையாகப் பார்த்தேன்" என்கிறோம், தற்செயலாக என்ற பொருளில். ஆனால் எதேச்சை என்பது ‘யதா இச்சை’, அதாவது தன் இஷ்டப்படி. அந்தப் பழைய பொருள் ‘எதேச்சாதிகாரம்’ என்ற சொல்லில் அப்படியே உட்கார்ந்திருக்கிறது. தன்னிஷ்டப்படி ஆள்வது எங்கே, தற்செயல் எங்கே? சமஸ்கிருதத்தில் ‘யத்ருச்சை’ என்று வேறொரு சொல் உண்டு, அதற்குத்தான் தற்செயல் என்று பொருள். ரெண்டும் காதில் ஒன்றாக விழுந்து கலந்திருக்கும் என்பது என் ஊகம். கண்டிப்பான தமிழாசிரியர் ஒருவர் ‘எதேச்சையாகப் பார்த்தேன்’ என்பதை அடித்துத் திருத்தலாம். ஊர் திருந்தாது. ஜிஜூனுக்கு நடந்ததும் இதுவே.

இன்னொரு யோசனையும் எனக்கு உண்டு. இந்த மாற்றத்தை முழுக்கக் காதின் தப்பு என்று தள்ளிவிட முடியாது. சத்தில்லாத வாதத்தை யார் வைப்பார்கள்? பெரும்பாலும் விஷயத்தில் ஊறாதவர்தான். சாரமின்மைக்கும் முதிர்ச்சியின்மைக்கும் நடுவில் ஒரு சின்ன வாய்க்கால்தான், தாண்டிவிடலாம். தமிழில் நாம் ‘அரைவேக்காடு’ என்கிறோம். அடுப்பில் சரியாக வேகாத சோற்றைச் சொன்ன சொல், இன்று பக்குவமில்லாத ஆளையும் அவன் கருத்தையும் சொல்கிறது. அந்தப் பயணத்துக்கு எந்தப் பிரெஞ்சுச் சொல்லின் குழப்பமும் தேவைப்படவில்லை, சமையலறையே போதுமாக இருந்தது. ஜிஜூனும் அப்படியே போயிருக்கக்கூடும், ‘ழேன்’ கொஞ்சம் பின்னாலிருந்து தள்ளிவிட்டது என்று வைத்துக்கொள்ளலாம்.

படிக்கும்போது எந்தப் பொருள் என்று எப்படிக் கண்டுபிடிப்பது? பக்கத்தில் நிற்கிற பெயர்ச்சொல்லைப் பாருங்கள். விரிவுரை, அறிக்கை, பாடப்புத்தகம், உரைநடை என்று ஏதாவது வந்தால் பெரும்பாலும் ‘சப்பென்ற’. "நாற்பது நிமிஷம் தேதிகளை மட்டுமே ஒப்பித்த ஒரு ஜிஜூன் விரிவுரை" என்றால் சந்தேகமே வேண்டாம். நகைச்சுவை, நடத்தை, கோஷம், அரசியல் கருத்து என்று வந்தால் ‘சிறுபிள்ளைத்தனமான’. "வரியே இல்லாமல் அரசாங்கம் நடத்தலாம் என்ற அவனுடைய ஜிஜூன் யோசனை" என்பது யாருக்கும் சலிப்புத் தரவில்லை, சிரிப்புத்தான் வரும். கூடவே இன்னொரு அடைமொழி ஜோடி சேர்ந்து வந்தால் அதுவும் உளவு சொல்லும். ‘வறண்ட, ஜிஜூன்’ என்றால் பழைய பொருள், ‘அப்பாவித்தனமான, ஜிஜூன்’ என்றால் புதுசு.

கஷ்டம் வருவது நாவல், கவிதை, படம் போன்றவற்றில். அவை சப்பென்றும் இருக்கலாம், சிறுபிள்ளைத்தனமாகவும் இருக்கலாம், ரெண்டுமாகவும் இருக்கலாம். நானே ஒரு முறை மாட்டிக்கொண்டேன். ஓர் ஆங்கில மதிப்புரையைத் தமிழாக்கும்போது ‘ஜிஜூன் நாவல்’ என்று வந்தது. யோசிக்காமல் ‘வறண்ட நாவல்’ என்று போட்டுவிட்டு மேலே போனேன். ரெண்டு பத்தி தள்ளி மதிப்புரையாளர் அந்த நாவலில் வரும் பதினேழு வயதுக் காதல் கடிதங்களைப் பக்கம் பக்கமாகக் கிண்டலடிக்கிறார், ஆசிரியர் இன்னும் பள்ளிக்கூடத்தை விட்டு வெளியே வரவில்லை என்கிறார். ஈரம் சொட்டச் சொட்ட எழுதப்பட்ட நாவலை நான் வறண்டது என்று சொல்லியிருந்தேன். திரும்பப் போய் ‘பக்குவம் வராத நாவல்’ என்று மாற்றினேன். நல்லவேளை, அச்சுக்குப் போகவில்லை.

தமிழில் கொண்டுவரும்போது ஒரே சொல்லைப் பிடித்துக்கொண்டு தொங்க வேண்டியதில்லை. எழுத்துக்கு உப்புச்சப்பில்லாத, சாரமற்ற. பேச்சுக்கு சவசவ என்ற. வாதத்துக்கு அரைவேக்காட்டுத்தனமான. நடத்தைக்குச் சிறுபிள்ளைத்தனமான. என் தனிப்பட்ட விருப்பம் ‘அரைவேக்காடு’. சாப்பாட்டு வாசனையும் இருக்கிறது, முதிராத என்ற பொருளும் இருக்கிறது. ஆனால் அது கொஞ்சம் சுருக்கென்று குத்தும், எழுதியவர் அவ்வளவு கோபமாக இருந்தாரா என்று ஒரு தடவை பார்த்துக்கொள்ளுங்கள்.

நீங்களே ஆங்கிலத்தில் எழுதும்போது பயன்படுத்தலாமா? தேர்வுக் கட்டுரையிலோ புத்தக விமர்சனத்திலோ பயன்படுத்தலாம், ஆனால் எந்தப் பொருளில் சொல்கிறீர்கள் என்பது வாக்கியத்திலேயே தெரிய வேண்டும். தெரியவில்லை என்றால் சும்மா ‘டல்’ என்றோ ‘சைல்டிஷ்’ என்றோ எழுதிவிட்டுப் போங்கள், யாரும் மதிப்பெண் குறைக்க மாட்டார்கள். பேச்சில் வேண்டாம். அலுவலகக் கூட்டத்தில் ஒருவருடைய யோசனையை ஜிஜூன் என்றால், அது டீக்கடையில் நின்று "ஈண்டு ஒரு தேநீர் நல்குக" என்பது மாதிரி இருக்கும். அவருக்கு அர்த்தம் தெரிந்தால் கோபம், தெரியாவிட்டால் கூகுளில் தேடிப் பார்த்துவிட்டுக் கோபம்.

ரெண்டு தப்புகள் அடிக்கடி கண்ணில் படுகின்றன. ஒன்று, இதை ‘இளமையான’ என்று நினைத்துக்கொள்வது. ‘ஜிஜூன் மாணவர்கள்’ என்று எழுதினால் இளம் மாணவர்கள் என்று ஆகாது, சரக்கில்லாத மாணவர்கள் என்று ஆகிவிடும். குழந்தையின் கள்ளமில்லாத குணத்துக்கும் இது பொருந்தாது, இந்தச் சொல்லில் பாராட்டு ஒரு சொட்டும் கிடையாது. மற்றது, சாப்பாட்டின் ருசிக்குச் சொல்வது. உப்பில்லாத சாம்பாரை ஜிஜூன் சாம்பார் என்று எந்த ஆங்கிலேயனும் சொல்ல மாட்டான், அதற்கு ‘பிளாண்ட்’ இருக்கிறது. வயிற்றில் பிறந்த சொல்தான், ஆனால் புத்தக அலமாரிக்குக் குடிபோன பிறகு அது சமையலறைப் பக்கம் எட்டிப் பார்ப்பது அபூர்வம்.

இதையெல்லாம் அவனிடம் துண்டு துண்டாகச் சொன்னேன். பிரெஞ்சுக் கூரை விஷயத்தை மட்டும் ரசித்தான். அட்டையில் ‘போரடிக்கிற’ என்பதற்குக் கீழே ‘சிறுபிள்ளைத்தனமான’ என்று சேர்த்துக்கொண்டான், அதற்கும் கீழே அவனாகவே ‘காலி வயிறு’ என்று தட்டினான். பிறகு அடுத்த அட்டைக்குப் போனான். அக்கா இன்னொரு தோசையைக் கொண்டுவந்து அவன் தட்டில் போட்டாள்.